எட்டு ஊரா, ஏரி வீடா

எங்களுக்குக் கல்யாணமாகி இரண்டு மாதம் ஆகியிருந்தது. மாப்பிள்ளைக்கு வயது ஐம்பதுக்கு மேல். பெண்ணுக்கு எவ்வளவு என்று நான் சொல்லப்போவதில்லை. பதிவு அலுவலகத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டு வெளியே வந்ததும் என் மகள் எங்களை வாசலில் நிறுத்திப் படம் எடுத்தாள். "அம்மா, கொஞ்சம் ஒட்டி நில்லு. அங்கிள், நீங்களும்தான். லிஃப்டுக்குள்ள முன்ன பின்ன தெரியாதவங்க மாதிரி நிக்கிறீங்க ரெண்டு பேரும்" என்றாள். அவர் லிஃப்ட் மெக்கானிக். அந்தக் கேலி தனக்குத்தான் என்று புரிந்ததோ இல்லையோ, என் பக்கம் அரை அடி நகர்ந்து நின்றார்.

கல்யாணப் பரிசாக எங்களை எங்காவது அனுப்பி வைப்பதாகச் சொன்னதும் அவள்தான். எங்கே என்பதை நாங்கள் முடிவு செய்ய வேண்டும். அங்கேதான் பிடித்தது சனி.

நான் ஆசைப்பட்டது ஏரிக்கரையில் ஒரு சின்ன வீடு. முன்னால் தண்ணீர், பின்னால் மரங்கள், நடுவில் நாங்கள் இரண்டு பேர். ஒரு வாரம் அப்படியே உட்கார்ந்திருந்தால் போதும். அவர் கொண்டுவந்து நீட்டியதோ வழவழப்பான ஒரு விளம்பரத் தாள். எட்டு ஊர், ஒரே வாரம், குளிரூட்டிய பேருந்து, கூட்டமாக ஆட்கள், கூடவே பேசிக்கொண்டே வரும் வழிகாட்டி. காலையில் ஒரு ஊரில் பல் விளக்கினால் ராத்திரி இன்னொரு ஊரில் தலை சாய்க்கலாம்.

"இதுல ஒரு இடத்துலயாவது உக்கார விடுவாங்களா?" என்று கேட்டேன்.

"பஸ்ல உக்காரலாம்" என்றார். கேலி செய்யவில்லை. அவருக்குக் கேலி செய்யத் தெரியாது.

எங்களைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். நான் ரயில் நிலையத்தில் அறிவிப்பாளர். வழக்கமான வண்டிகளைப் பற்றி இப்போதெல்லாம் இயந்திரமே சொல்லிவிடுகிறது. அதை யாரும் காதில் போட்டுக்கொள்வதில்லை. நடைமேடை மாறினாலோ, நின்றுகொண்டிருக்கும் வண்டி திடீரென்று கிளம்பினாலோ, இப்படிக் கடைசி நேரக் குளறுபடி ஏதாவது வந்தால்தான் நான் மைக்கைத் தொடுவேன். அதனால் என் குரலைக் கேட்டால் இந்த ஊர்க்காரர்கள் முதலில் ஓடுவார்கள், என்ன சொன்னாள் என்று அப்புறம்தான் யோசிப்பார்கள். பாதிக் காபியை அப்படியே வைத்துவிட்டு ஓடியவர்களை என் அறைக் கண்ணாடி வழியாக எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன். நிலையத்தில் எல்லாருக்கும் நான் மைக் அக்கா.

அவர் நிலையத்து லிஃப்டுகளைப் பார்க்க வருகிறவர். கேன்டீனில் ஒரே மேசையில் உட்கார்ந்து காபி குடிப்போம். அவர் பேசமாட்டார், நான் தொண்டைக்கு ஓய்வு கொடுப்பேன். ஏறக்குறைய ஒரு வருடம் அப்படியே ஓடியது. ஒரு நாள் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, "நாம ஒரே வீட்டுல இருந்தா நல்லாயிருக்கும்" என்றார். அதுவரை அவர் என்னிடம் பேசியதிலேயே நீளமான பேச்சு அதுதான். என் முதல் கணவர் தவறிப் பல வருடம் ஆகியிருந்தது. இவர் கல்யாணமே செய்துகொள்ளாதவர். எனக்கு யோசிக்க ஒன்றுமில்லை, சரி என்றேன்.

ஆனால் கேன்டீனில் சுலபமாக இருந்த மௌனம் வீட்டுக்குள் வந்ததும் அவருக்கு ஒத்துவரவில்லை. வேலையிலிருந்து வந்து செருப்பைக் கழற்றியதும் ரேடியோவைப் போடுவார். சாப்பிட்டு முடித்து நான் எதிரே உட்கார்ந்தால் போதும், ஸ்குரூ டிரைவரை எடுத்துக்கொண்டு எழுந்துவிடுவார். வீட்டில் கிரீச்சிடும் கதவு ஒன்றுகூட மிச்சமில்லை. நன்றாக இருந்த அலமாரியைக் கூட ஒரு நாள் கழற்றி மாட்டினார். உள்ளதைச் சொல்லிவிடுகிறேன், எனக்கு வலித்தது. இந்த மனிதர் என்னோடு தனியாக இருக்கப் பயப்படுகிறார், அவசரப்பட்டுக் கட்டிக்கொண்டோமே என்று வருத்தப்படுகிறார் என்று தோன்றியது. அந்த நினைப்போடு இருப்பவளிடம் எட்டு ஊரையும் ஒரு பேருந்து ஜனத்தையும் கொண்டுவந்து நீட்டினால் எப்படி இருக்கும்? ஏரி வீடு வேண்டாம் என்று அவர் சொன்னது எனக்கு நீ வேண்டாம் என்று சொன்னதாகவே காதில் விழுந்தது.

வாய் விட்டுக் கேட்டிருக்கலாம். ஊருக்கே வழி சொல்லும் வாய் எனக்கு. அவரிடம் மட்டும் அது திறக்கவில்லை.

பேச்சுவார்த்தை இழுத்துக்கொண்டே போவதைப் பார்த்து மகள் ஒரு வழி சொன்னாள். "நம்ம ஊரையே சுத்திக் காட்டுற ஒருநாள் டூர் ஒண்ணு இருக்கு. அதே மாதிரிதான், கைடு, பஸ்ஸு, வரிசையா இடங்கள். சனிக்கிழமை ரெண்டு பேரும் அதுல போயிட்டு வாங்க. பிடிச்சா எட்டு ஊரு, பிடிக்கலைன்னா ஏரி வீடு. சாயந்திரம் போன் பண்ணுவேன், ஒரே பதிலா சொல்லணும். இனியும் தள்ளினா ரெண்டுமே கிடைக்காது."

அப்படித்தான் பிறந்து வளர்ந்த ஊரிலேயே நான் சுற்றுலாப் பயணி ஆனேன்.

பேருந்தில் எங்கள் இரண்டு பேரைத் தவிர எல்லாரும் வெளியூர்க்காரர்கள். வழிகாட்டி என் மகள் வயதுப் பெண். கையில் மஞ்சள் கொடி, கழுத்தில் மைக், முகத்தில் ஓயாத சிரிப்பு. பாவம், தொண்டை கட்டியிருந்தது. நான் முறைத்துக்கொண்டு ஜன்னலோரம் உட்கார்ந்தேன். அவர் பக்கத்தில் உட்கார்ந்து, பரீட்சை எழுதும் பையனைப் போல முதுகை நிமிர்த்திக்கொண்டு அந்தப் பெண் சொல்வதைக் கேட்க ஆரம்பித்தார்.

முதலில் ஓவியக் கூடம். கொடி முன்னால் ஓட நாங்கள் பின்னால் ஓடினோம். ஓவியங்களை நாங்கள் பார்த்ததாகச் சொல்ல முடியாது, அவைதான் எங்களைப் பார்த்திருக்கும். அடுத்து சதுக்கம். எல்லாரும் ஒரே சிலைக்கு முன்னால் நின்று ஒரே படத்தை எடுத்துக்கொண்டோம். அதற்கடுத்து பழைய சந்தை. அங்கே கழிப்பறை வரிசையில் நின்றுவிட்டு வந்தேன், பேருந்து உறுமிக்கொண்டிருந்தது. கேட்டால் நானும் சந்தையைப் பார்த்தவள்தான்.

அவருக்கோ எல்லாம் பிடித்திருந்தது. ஒவ்வொரு இடத்திலும் என் பக்கம் சாய்ந்து, "இது தீப்பிடிச்சு மறுபடி கட்டினதாம்" என்றார். "இந்தச் சிலைக்கு முதல்ல வேற தலை இருந்துச்சாம்" என்றார். "தெரியும், நான் இந்த ஊருதான்" என்றேன். முகம் சுருங்கிப் போயிற்று. எனக்கே பாவமாக இருந்தது. ஆனால் முறைப்பை உடனே விட்டுவிட்டால் நான் நானில்லை.

சந்தையை விட்டுக் கிளம்பியதும் அந்தப் பெண்ணின் குரல் சுத்தமாகப் போய்விட்டது. மைக்கில் காற்றுதான் வந்தது. பின் வரிசையில் இரண்டு சிறுமிகள் இருக்கைமேல் ஏறி நின்று ஆடிக்கொண்டிருந்தார்கள். வண்டி வேகமாகத் திரும்பியது. "உக்காருங்கம்மா, விழுந்திடுவீங்க" என்றேன். சாதாரணமாகத்தான் சொன்னேன். சிறுமிகளோடு சேர்ந்து, நின்றுகொண்டிருந்த பெரியவர்களும் பொத்தென்று உட்கார்ந்தார்கள். வழிகாட்டிப் பெண் என்னை உற்றுப் பார்த்துவிட்டுத் தள்ளாடி வந்து, கிசுகிசுப்பாகக் கேட்டாள்.

"நீங்க ஸ்டேஷன்ல பேசுறவங்கதானே? கொஞ்சம் எனக்காகப் பேசுறீங்களா? நான் எழுதிக் குடுக்கறேன். இல்லைன்னா என் வேலையே போயிடும்."

எப்படி முடியாது என்பது? எழுந்து முன்னால் போனேன். ஓட்டுநருக்குப் பக்கத்தில், எல்லாருக்கும் முதுகைக் காட்டிக்கொண்டிருக்கும் இருக்கை. மைக் கைக்கு வந்ததும் எனக்கு முறைப்பு, வருத்தம் எல்லாம் மறந்துபோயின. அவள் எழுதிக் கொடுத்ததைப் படித்தேன், எழுதாததையும் சேர்த்துச் சொன்னேன். பேருந்தே சிரித்தது. டூர் ஒன்றும் அவ்வளவு மோசமில்லை என்றுகூட ஒரு கணம் நினைத்தேன். நாமே பேசிக்கொண்டிருந்தால் எந்த டூரும் நன்றாகத்தான் இருக்கும்போல.

அடுத்த இடம் கலங்கரை விளக்கம். மேலே போக லிஃப்ட் உண்டு. எல்லாரும் இறங்கினார்கள். அவர் என்னிடம் வந்து, சட்டைப் பையிலிருந்தும் கால்சட்டைப் பையிலிருந்தும் ஒவ்வொன்றாக எடுத்து என் மடியில் வைத்தார். கைபேசி, பணப்பை, சாவிக்கொத்து, பேனா, கடைசியில் சில்லறை.

"என்ன இது?"

"உயரத்துக்குப் போறப்ப பையில எதுவும் வெச்சுக்கக் கூடாது. கீழ நிக்கிறவங்க தலையில விழும்."

"நீங்க வேலைக்கா போறீங்க? வேடிக்கை பாக்கத்தானே போறீங்க?"

"பழகிடுச்சு" என்றார். கொஞ்சம் தயங்கினார். "நீங்க வரலையா?"

"எனக்கு இங்க வேலை இருக்கு. நீங்க போயிட்டு வாங்க" என்று எல்லாவற்றையும் அள்ளிக் கைப்பையில் போட்டுக்கொண்டேன். கொஞ்சம் வெடுக்கென்றுதான் சொன்னேன். தலையாட்டிவிட்டுப் போனார்.

கொஞ்ச நேரம் கழித்து அந்தப் பெண் என் காதருகே வந்து, "இன்னும் நேரம் இருக்கு. இருந்தாலும் இப்பவே மெதுவா கூப்பிட ஆரம்பிச்சாத்தான் வந்து சேருவாங்க" என்று கிசுகிசுத்தாள். வண்டிக்கு வெளியே ஒலிபெருக்கி இருந்தது. மெதுவாகக் கூப்பிடு என்றால் என் நாக்குக்கு அது தெரிய வேண்டுமே! எத்தனை வருடப் பழக்கம். "பயணிகளின் கனிவான கவனத்திற்கு. வாசலில் நின்றுகொண்டிருக்கும் வண்டி உடனடியாகப் புறப்பட இருக்கிறது" என்று அதுபாட்டுக்குச் சொல்லிவிட்டது.

வெளியூர்க்காரர்கள் என்றாலும் ரயிலில் வந்து இறங்கியவர்கள்தானே. அடித்துப் பிடித்துக்கொண்டு ஓடி வந்தார்கள். ஒருவர் வாங்கிய ஐஸ்கிரீமுக்குப் பாக்கிகூட வாங்காமல் ஓடி வந்தார். ஒரு அம்மா செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு ஏறினாள். அந்தப் பெண் முன்னால் நின்று தலைகளை எண்ணினாள். கணக்குச் சரியாக இருந்தது. வண்டி கிளம்பியது. எனக்குப் பெருமை தாங்கவில்லை.

துறைமுகப் பூங்காவில் எல்லாரும் இறங்கினார்கள். கடைசியாக இறங்கியவர் ஒரு வெங்காயப் பையோடு என் முன்னால் வந்து நின்றார். முகம் வெளுத்திருந்தது.

"அம்மா, இந்த வண்டி எங்கதாங்க போகுது?"

"நீங்க டூர்ல வந்தவர் இல்லையா?"

"இல்லீங்க. வீட்டுக்குப் போக டவுன் பஸ்ஸுக்கு நின்னுட்டிருந்தேன். உங்க குரல் கேட்டுச்சு. எல்லாரும் ஓடினாங்க. நானும் ஓடி ஏறிட்டேன். பின்னாடி ரெண்டு சீட்டு காலியா இருந்துச்சு."

பின்னால் ஓடிப் பார்த்தேன். எங்கள் இருக்கை காலி, கீழே இறங்கி நின்ற கூட்டத்திலும் என் கணவர் இல்லை. அவர் எண்ணை அழுத்தினேன். என் கைப்பைக்குள்ளேயே மணி அடித்தது. பணம், சாவி, கைபேசி எல்லாம் என்னிடம். அந்த மனிதர் வெறுங்கையோடு அங்கே நிற்கிறார்.

வழிகாட்டிப் பெண் அழாத குறை. வண்டியைத் திருப்ப முடியாது, மற்றவர்களுக்கு இன்னும் பார்க்க வேண்டிய இடங்கள் பாக்கி. "உன் மேல தப்பில்லம்மா, நீ கிளம்பு" என்று மைக்கை அவள் கையில் திணித்துவிட்டு ஒரு டாக்ஸியைப் பிடித்தேன். வெங்காயக்காரரும் கூடவே ஏறிக்கொண்டார். அவரும் அங்கே திரும்பிப் போக வேண்டியவர்தானே.

டாக்ஸியில் வெங்காயக்காரர் ஏதேதோ சமாதானம் சொல்லிக்கொண்டு வந்தார். என் காதில் ஒன்றும் ஏறவில்லை. என்னோடு தனியாக இருக்க என் கணவருக்குப் பிடிக்கவில்லை என்று இரண்டு மாதமாக உள்ளுக்குள் குமைந்துகொண்டிருந்தவள் நான். அவர் இல்லாததே தெரியாமல் இவ்வளவு தூரம் மைக்கில் சிரித்துப் பேசிக்கொண்டு வந்தவளும் நான்தான். பேசாமல் இருப்பவரை மறப்பது இவ்வளவு சுலபமா? இனி அவர் என்னைப் பற்றி என்ன நினைத்தாலும் எனக்குப் பேச வாயில்லை என்று தோன்றியது. என் கைப்பைக்குள் அவருடைய சில்லறை குலுங்கியபோதெல்லாம் அழுகை வந்தது.

அவர் கலங்கரை விளக்கத்தின் அடிச்சுவரில் உட்கார்ந்திருந்தார். முழங்கால்மேல் இரண்டு கைகளையும் வைத்துக்கொண்டு கடலைப் பார்த்துக்கொண்டிருந்தார். வெங்காயக்காரர் எனக்கு முன்னால் இறங்கி ஓடி, "கோவிச்சுக்காதீங்க சார், உங்க சீட்டுல நான்தான் உக்காந்திருந்தேன்" என்று சொல்லிவிட்டு, வந்து நின்ற டவுன் பஸ்ஸில் ஏறிப் போய்விட்டார். இவர் ஒன்றும் புரியாமல் அந்த பஸ்ஸைப் பார்த்துக் கையசைத்தார்.

"ஏன் வரலை?" என்று கத்தினேன். தப்பு செய்ததும் நான், கத்தியதும் நான். எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்தால் கூடவே கோபமும் வந்துவிடும். "ஊரே ஓடி வந்துச்சே, நீங்க ஏன் வரலை?"

அவர் எழுந்து நின்றார். "கேட்டுக்கிட்டே நின்னுட்டேன்."

"என்னத்தைக் கேட்டுக்கிட்டு?"

"நீங்க பேசினதை." தரையைப் பார்த்தார். "ஸ்டேஷன்லயும் அப்படித்தான். உங்க குரல் வந்தா ஸ்பேனரைக் கீழ வெச்சிடுவேன். மோட்டாரைக்கூட நிறுத்திடுவேன், சத்தம் இல்லாம கேக்கணும்னு. நீங்க முடிக்கிற வரைக்கும் எனக்கு வேலை ஓடாது. மத்தவங்க எல்லாம் ஓடுறது தெரியும். எனக்கு உங்க குரல் கேட்டா நிக்கத்தான் தோணும்."

நான் கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டேன்.

"முடிஞ்சதும் கிளம்பினேன். லிஃப்ட் எல்லாரையும் ஏத்திக்கிட்டுக் கீழ போயிடுச்சு. அது திரும்பி மேல வர்றதுக்குள்ள பஸ் போயிடுச்சு."

"நான் உங்களை மறந்துட்டுப் போயிட்டேன்னு நெனச்சீங்களா?"

"இல்ல" என்றார். யோசித்தார். "கொஞ்சம்."

சுவரில் உட்கார்ந்தேன். அவரும் உட்கார்ந்தார். அவருடைய கைபேசியையும் சாவியையும் பணப்பையையும் எடுத்து ஒவ்வொன்றாகக் கொடுத்தேன். அவர் அவற்றை அந்தந்தப் பையில் போட்டுக்கொண்டார். இப்போது கேட்காவிட்டால் இனி எப்போதும் கேட்கமாட்டேன் என்று தெரிந்தது.

"என் குரலை இப்படி நின்னு கேக்கறவரு, வீட்டுக்கு வந்தா ஏன் ரேடியோவைப் போடுறீங்க? ஏரி வீடுன்னா ஏன் ஓடுறீங்க? என்னோட தனியா இருக்கப் பிடிக்கலையா உங்களுக்கு?"

அவர் திடுக்கிட்டுப் பார்த்தார். அந்த மாதிரி ஒரு எண்ணம் எனக்கு வரும் என்று அவர் கனவிலும் நினைத்திருக்கவில்லை என்பது அந்தப் பார்வையிலேயே தெரிந்துவிட்டது.

"எனக்குப் பேசத் தெரியாது" என்றார். "கேன்டீன்ல சுத்தி இரைச்சல் இருக்கும், என் மௌனம் தெரியாது. வீட்டுல தெரியும். நாள் பூரா பேசிட்டு வர்றவங்க நீங்க. இந்த ஆளு ஒரு வார்த்தை பேச மாட்டேங்கறானேன்னு உங்களுக்குச் சலிச்சிடும்னு பயம். அதுலயும் ஏரிக்கரையில, ஒரு வாரம், என்னை மட்டும் பாத்துக்கிட்டு... ரெண்டாம் நாளே நீங்க வீட்டுக்குக் கிளம்பிடுவீங்க. கைடு இருந்தா அவங்க பேசுவாங்க. அதையே நானும் உங்ககிட்ட திருப்பிச் சொல்லலாம். நான் பக்கத்துல உக்காந்திருந்தா போதும்னு நெனச்சேன்."

தீப்பிடித்த கட்டடமும் தலை மாறிய சிலையும் எதற்கு என்று எனக்கு அப்போதுதான் விளங்கியது. அவருக்கு அந்த ஊர்களில் ஒன்றுகூட வேண்டாம். என்னிடம் சொல்வதற்கு ஏதாவது வேண்டும், அவ்வளவுதான். அதற்காக எட்டு ஊர் ஓடத் தயாராக இருந்த மனிதரை நான் என்னவெல்லாம் நினைத்துவிட்டேன்! அவர் கையைப் பிடித்துக்கொண்டேன். சொரசொரப்பான கை. எண்ணெய் வாசம் எத்தனை கழுவினாலும் போகாது.

"பேசறதுக்கு எனக்குச் சம்பளம் குடுக்கறாங்க" என்றேன். "பேசாம இருக்கறதுக்குத்தான் உங்களைக் கட்டிக்கிட்டேன். உங்க முன்னாடி மட்டும்தான் நான் சும்மா இருக்க முடியுது. அதையும் ரேடியோவைப் போட்டுக் கெடுக்கறீங்க."

அவர் சிரித்தார். வாய் விட்டுச் சிரித்து நான் பார்த்தது அதுதான் முதல் தடவை. பல்வரிசை நன்றாகத்தான் இருந்தது.

அப்புறம் நாங்கள் பேசவில்லை. கடல் இருந்தது, காற்று இருந்தது, யாரோ குழந்தையை அதட்டிக்கொண்டே போனார்கள். வெயில் சுவரை விட்டு இறங்கும் வரைக்கும் அங்கேயே உட்கார்ந்திருந்தோம். அவர் ஒரு முறைகூட எழுந்திருக்க வழி தேடவில்லை. லிஃப்ட் கதவு கிரீச்சிட்டபோது மட்டும் தலை தானாகத் திரும்பியது. நான் கையை அழுத்தினேன், தலை திரும்பி வந்தது.

சொன்னபடி மகள் அழைத்தாள், அவருடைய எண்ணுக்கு. என் மகள் போன் என்றால் எடுத்து என்னிடம் நீட்டிவிடுவதுதான் அவர் வழக்கம். நானும் பழக்கத்தில் கையை நீட்டினேன். அவர் தரவில்லை. காதில் வைத்துக்கொண்டார்.

"அங்கிள், டூர் எப்படி? நல்லாயிருந்துச்சா? எட்டு ஊரா, ஏரி வீடா?" அவள் குரல் எனக்கே கேட்டது.

"டூர் நல்லா இருந்துச்சும்மா. பாதியில இறங்கிட்டோம்" என்றார். "ஏரி வீடே போடு. ஒரு வாரம்."

"அப்படியா! ஒரு நிமிஷம், அம்மாகிட்ட குடுங்க."

அவர் என்னைப் பார்த்தார். நான் கடலைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"இங்கதான் பக்கத்துல இருக்காங்க" என்றார். "இப்பப் பேசமாட்டாங்கம்மா. லீவுல இருக்காங்க."